மேடையா, திரை எழுத்தா, இரண்டுமா? மட்டக்களப்பு, அம்பாறை மாயவித்தைக் கலைஞருக்கு ஒரு கணக்கு

முப்பது நிமிடம் மேடையில் நின்று பிடிக்கும் அளவுக்கு வித்தை கையில் இருக்கிறது. எழுதவும் வருகிறது; இரண்டு மூன்று குறும்படத்துக்கு வசனம் எழுதிக் கொடுத்தாயிற்று. இந்த இடத்தில் நிற்கும் ஒருவருக்கு மட்டக்களப்பிலும் அம்பாறையிலும் மூன்று வழி உண்டு. வித்தையையே முழுநேரத் தொழிலாக்குவது ஒன்று. கொழும்புக்கோ சென்னைக்கோ போய்த் திரை எழுத்தில் முழுதாக இறங்குவது இன்னொன்று. ஊரில் இருந்தபடி ஆண்டைப் பிரித்து இரண்டையும் செய்வது மூன்றாவது. காசு வரும் மாதம், பழுதாகும் பொருள், ஏமாறும் இடம் எல்லாம் வழிக்கு வழி வேறு. எங்கள் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறோம்: முதல் மூன்று ஆண்டுக்கு மூன்றாவது வழிதான் சரி. அதிலும் மேடை முன்னால், எழுத்து பின்னால்.

மேடையை மட்டும் நம்பினால்

கிழக்கில் மேடைத் தொழிலின் நாட்காட்டியை மழைதான் எழுதுகிறது. ஒக்டோபர் கடைசியில் வாடை தொடங்கினால் ஜனவரி வரை திறந்த வெளியில் மேடை போட ஒருவரும் துணியமாட்டார்கள். பெப்ரவரி, மார்ச்சில் பெரும்போக வெள்ளாமை வெட்டி, நெல் காசானபிறகுதான் விழாக் குழுக்கள் கூடும். சித்திரைப் புத்தாண்டு விளையாட்டு விழா, வைகாசியில் ஊர் ஊராகக் கண்ணகி அம்மன் சடங்கு, ஆடி அமாவாசைக்கு மாமாங்கேஸ்வரர் தீர்த்தம், ஆவணியில் மண்டூர் முருகன் திருவிழா என்று செப்டெம்பர் வரை ஊர்கள் விழித்திருக்கும். பாசிக்குடா, அறுகம்பை விடுதிகளில் ஆள் நிறைவதும் இதே மே முதல் செப்டெம்பர் வரைதான். ஏழு மாதத்தில் உழைத்ததை வைத்துப் பன்னிரண்டு மாதம் சாப்பிட வேண்டும் என்பதே முழுநேர மேடையின் முதல் உண்மை.

மழை மாதங்களிலும் கொஞ்சம் வேலை உண்டு. நவம்பர், டிசெம்பரில் முன்பள்ளி விடுகை விழா, பாடசாலைகளின் நத்தார் ஒளிவிழா இரண்டும் மண்டபத்துக்குள் நடப்பவை. இருபது நிமிடத்துக்கு மேல் நாலு வயதுப் பிள்ளை இருக்காது. கூலி குறைவு, ஆனால் பெட்டி சிறிது, மின்விளக்கு வேண்டாம், பகலிலேயே முடிந்துவிடும்.

கூலி பேசும்போது பலர் விடும் பிழை, கேட்கும் தொகையையே வருமானமாக நினைப்பது. கூலியை 100 பங்காக வைத்துப் பிரித்துப் பாருங்கள். மட்டக்களப்பிலிருந்து சுமார் 40 கிலோமீற்றர் தள்ளிக் கல்முனையில் ஒரு நிகழ்ச்சி என்றால், வானுக்கு 25, உதவியாளருக்கு 15, கயிறு, பட்டு, அட்டை போன்ற தேய்மானத்துக்கு 10, மின்கலம், உடை வெளுப்பு, சாப்பாடு என்று 10 போனால் கையில் நிற்பது 40. அதே நிகழ்ச்சி பொத்துவிலில் என்றால் தூரம் நூறு கிலோமீற்றரைத் தாண்டும். வான் மட்டும் பாதியைத் தின்றுவிடும். இது மாதிரிக் கணக்குத்தான். உங்கள் ஊர் வான் கூலியை வைத்து நீங்களே போட வேண்டும். போட்டுப் பார்த்தால் ஒன்று விளங்கும்: பேருந்தில் ஏற்றக்கூடிய பெட்டியோடு போகிறவருக்குத்தான் தெற்குப் பக்கம் கட்டுபடியாகும். ஒரு சூட்கேசு, 20 கிலோவுக்குள். அடுக்கி நிறுத்த 15 நிமிடம், அடுத்த காட்சிக்குத் திரும்ப ஆயத்தமாக்க 10 நிமிடம். இந்த மூன்று எண்ணுக்குள் அடங்காத வித்தையை, எவ்வளவு அழகாக இருந்தாலும், வீட்டில் விட்டுவிடுங்கள்.

அடுத்த பிரச்சினை பார்வைக் கோணம். வடமோடிக் கூத்தும் தென்மோடிக் கூத்தும் ஆடிய வட்டக் களரியில் வளர்ந்த ஊர் இது. நாலு பக்கமும் சனம் இருந்து பார்ப்பது இங்கே இயல்பு. கூத்துப் பழக்கும் அண்ணாவியாருக்கும் கூத்தருக்கும் அது பலம். வித்தைக்காரருக்குப் பெரிய கண்டம். கோயில் வீதியில் மூன்றடி உயர மேடை போட்டால், பின்பக்கம் தறப்பாள் கட்டியிருந்தாலும் பக்கவாட்டில் பொடியன்கள் ஏறி நிற்பார்கள். கறுப்பு வெல்வெட் பின்னணியில் பொருளை மறைக்கும் வித்தை, ஆளை மறைக்கும் பெட்டி, கள்ள அறை வைத்த மேசை எதுவும் அங்கே உயிர் பிழைக்காது. கயிற்றை வெட்டிச் சேர்ப்பது, கோர்க்கும் வளையங்கள், முட்டைப் பை, மனதில் நினைத்ததைச் சொல்வது, செப்பு என்ற சிறு கிண்ணத்துக்குள் பந்தை மறைக்கும் செப்பும் பந்தும் ஆகியவை பிழைக்கும். கடைசியாகச் சொன்னதிலிருந்துதான் செப்படி வித்தை என்ற சொல்லே வந்தது. சந்தையில் தரையில் குந்தியிருந்து, சுற்றி நின்ற சனத்துக்கு நடுவே செய்து காட்டிய வித்தை அது. கோணத்தைத் தாங்கும் வித்தை எது என்ற கேள்விக்கு நம் ஆட்கள் எப்போதோ விடை கண்டுவிட்டார்கள்.

கோணத்தைச் சோதிக்க நூல் ஒன்று போதும். பார்வையாளர் இருக்கும் இடத்தின் இடது, வலது ஓரக் கடைசி நாற்காலிகளில், இருப்பவரின் கண் உயரத்தில் நூலைக் கட்டுங்கள். மறு முனையைப் பொருள் ஒளிந்திருக்கும் இடத்துக்கு இழுத்துப் பிடியுங்கள். இடையில் எதிலும் முட்டாமல் நூல் நேராகப் போனால், அந்த நாற்காலிக்காரர் எல்லாவற்றையும் பார்க்கிறார். அப்போது மேசையைத் திருப்பாதீர்கள், மேடையில் இரண்டடி பின்னால் போங்கள். ஓரங்கள் தாமாக ஒடுங்கும். மேடைக்கு முன்னால் ஆறடி தள்ளிக் கயிறு கட்ட வேண்டும் என்பதை, நிகழ்ச்சியை ஒப்புக்கொள்ளும்போதே விழாக் குழுவிடம் பேசிவிட வேண்டும். அன்று இரவு கேட்டால் நடக்காது.

பொருளின் அளவும் சனத்தோடு மாறும். 18 அங்குலப் பட்டுத்துணி வகுப்பறைக்குப் போதும். கோயில் வீதியில் பத்தாவது வரிசைக்குப் பின் அது கைக்குட்டை மாதிரிக்கூடத் தெரியாது, 36 அங்குலம் வேண்டும். வளையம் மண்டபத்துக்கு 10 அங்குலம், வெளி மேடைக்கு 12.

உப்புக் காற்றும் ஈரமும் செய்யும் கெடுதி வெளியூர் வித்தைப் புத்தகங்களில் இருக்காது. உருக்கு வில்லில் இயங்கும் விரியும் கோல் போன்றவை கடலோரக் கல்லடிப் பக்கம் வைத்தால் சில வாரத்தில் துருப்பொட்டு விழும். பொட்டு விழுந்த இடத்தில்தான் ஒருநாள் முறியும். ஒவ்வொரு நிகழ்ச்சிக்குப் பின்னும் தையல் மெசின் எண்ணெய் துளி விட்டுத் துடைத்து, மறுபடி உலர்ந்த துணியால் துடையுங்கள். எண்ணெய் மிஞ்சினால் பட்டில் ஒட்டும். சீட்டுக்கட்டு ஈரத்தை உறிஞ்சி ஊதும், விசிறியாக விரியாது. காற்றுப் புகாத டப்பாவில், சிறு துணி முடிச்சில் வறுத்து ஆறவைத்த அரிசியோடு வைத்தால் நாலைந்து நாள் தாங்கும். மழைக்காலத்தில் கட்டு ஒன்றை நிகழ்ச்சி ஒன்றுக்கென்றே எண்ணிக்கொள்ளுங்கள். ஒரு நொடியில் எரிந்து மறையும் தாளைத் தபாலில் எடுப்பிக்க நினைக்காதீர்கள். அது நைத்திரோசெலுலோசு, எளிதில் தீப்பற்றும் பொருளாகப் பார்க்கப்பட்டுத் தடுக்கப்படும். கிடைத்தாலும் ஈரத்தில் பாதி எரிந்து அணையும். ஜூன் முதல் ஓகஸ்ட் வரை கச்சான் அடிக்கும் மாலைகளில் நூல் வித்தை, தாள் வித்தை, மெழுகுதிரி மூன்றும் வேண்டாம்.

எட்டு மணி என்று அறிவித்த நிகழ்ச்சி பத்து நெருங்கித்தான் வரும் என்றே கணக்கு வைக்க வேண்டும். ஆகவே பனிக்கட்டி, பால், புறா போன்ற காத்திருக்க முடியாதவை பெட்டியில் வேண்டாம். இரவு பத்தோடு ஒலிபெருக்கியை நிறுத்தச் சொல்வார்கள். அப்போது முப்பது நிமிடத்துக்கு வைத்திருந்ததைப் பன்னிரண்டு நிமிடமாகச் சுருக்கத் தெரிய வேண்டும். எதை விட்டால் எது குலையாது என்பதை வீட்டிலேயே எழுதி, பெட்டி மூடியின் உட்புறம் ஒட்டிவையுங்கள். இசையைச் சவுண்ட்காரரின் கணினியை நம்பி விடாதீர்கள். பென்டிரைவில் ஒன்று, கைபேசியில் ஒன்று, மின்கலத்தில் ஓடும் சொந்த ஸ்பீக்கர் ஒன்று.

இந்த மண்ணுக்கே உரிய இன்னொன்றும் உண்டு. மட்டக்களப்பார் ஆளைப் பாயோடு ஒட்டவைத்துவிடுவார்கள் என்ற பழைய பேச்சு இன்னும் உயிரோடுதான் இருக்கிறது. மந்திரம் என்ற சொல் இங்கே விளையாட்டுச் சொல் இல்லை. பேய், ஆவி, செய்வினை சாயல் பட்டால், நிகழ்ச்சி முடிந்தபின் யாரோ நோயாளியைக் கூட்டிக்கொண்டு வருவார்கள். அந்த நம்பிக்கையைக் கைநீட்டி வாங்குவது பாவம், தொழிலுக்கும் கேடு. காத்தான்குடி, ஏறாவூர், அக்கரைப்பற்று, சம்மாந்துறை போன்ற ஊர்களில் இது சிஹ்ர், அதாவது மார்க்கம் தடுத்த சூனியம் என்ற எதிர்ப்பு நியாயமாகவே எழும். எங்கே போனாலும் முதல் ஒரு நிமிடத்தில் “இது கைப்பழக்கம், உங்கள் பிள்ளையும் பழகலாம்” என்று சொல்லுங்கள். மேடைக்கு ஆள் கூப்பிடும்போது பெண்களின் கையைப் பிடிக்கும் வித்தையைத் தவிர்த்து, பொருளை மேசையில் வைத்து எடுக்கச் சொல்லும் முறைக்கு மாற்றுங்கள். விளம்பரத்தில் “மந்திரவாதி” வேண்டாம். “மாயவித்தைக் கலைஞர்” போதும்.

அம்பாறை மாவட்டத்தில் தமிழ், முஸ்லிம், சிங்களப் பார்வையாளர் மூவரும் உண்டு. அறுகம்பையில் வெளிநாட்டாரும் சேர்வார்கள். பேசாமல் இசையோடு செய்யும் எட்டு நிமிடப் பகுதி ஒன்று உங்களிடம் இருந்தால், மொழி மாறும் ஊருக்கெல்லாம் அதுவே நுழைவுச் சீட்டு. விடுதியில் மேசைக்கு மேசை போய்ச் செய்வதானால் மேசைக்கு நாலு நிமிடம், மூன்று வித்தை. கடலைப் பார்த்த மேசையில் வெளிச்சம் உங்களுக்குப் பின்னால் விழுந்தால் கையிடுக்கில் இருப்பது நிழலாகத் தெரியும். சுவரைப் பின்னால் வைத்து நில்லுங்கள்.

திரை எழுத்தை மட்டும் நம்பினால்

மேடைக்காரர் திரைக்குப் போவது புதிய கதை இல்லை. பாரிஸ் நகரில் ரொபேர்-ஹூதான் என்ற மாயவித்தை அரங்கை 1888 இல் வாங்கி நடத்திய ஜோர்ஜ் மெலியே, 1896 முதல் படம் எடுக்கத் தொடங்கினார். கமராவை நிறுத்தி, ஆளை மாற்றி, மறுபடி ஓட்டினால் ஆள் மறைவார் என்று அவர் கையாண்ட உத்தி, மேடைப் பெட்டி வித்தையின் தம்பிதான். ஆனால் 1902 இல் அவர் எடுத்த நிலவுப் பயணப் படம் அமெரிக்காவில் அவருக்குக் காசு வராமலே பிரதியெடுத்துக் காட்டப்பட்டது. பிற்காலத்தில் பாரிஸின் ரயில் நிலையம் ஒன்றில் விளையாட்டுப் பொருள் கடை வைத்துப் பிழைத்து, 1938 இல் இறந்தார். அமெரிக்க இயக்குநர் ஓர்சன் வெல்ஸ் திரைக்கதைக்கு ஒஸ்கார் வாங்கிய அடுத்த ஆண்டே, 1943 இல், ஹொலிவூட்டில் கூடாரம் போட்டுப் படைவீரர்களுக்கு மாயவித்தை காட்டினார். அமெரிக்க வித்தைக்காரர் ரிக்கி ஜே மேடையையும் நடிப்பையும் விடாமல், படங்களுக்கு வித்தை ஆலோசனை சொல்லும் நிறுவனத்தையும் மைக்கல் வெபரோடு சேர்ந்து நடத்தினார். மூவரில் எங்களுக்கு மிகவும் பயன்படும் முன்மாதிரி ரிக்கி ஜேதான். ஒரு கதவு மூடினால் மற்றது அவருக்குத் திறந்திருந்தது.

நம்மூருக்கு வருவோம். இங்கிருந்து எழுதுவோருக்குக் கிடைக்கும் வேலை மூன்று வகை. உள்ளூர்க் குறும்படமும் இணையத் தொடரும்: காசு சொற்பம், பல வேளை இல்லை, ஆனால் பெயர் வரும். கொழும்புத் தொலைக்காட்சி நாடகம்: காசு உண்டு, அத்தியாயக் கணக்கில் எழுத்து, கூட்டத்துக்கு ரயிலில் இரவு முழுக்கப் பயணம். அம்பாறைக்காரர் அதற்கும் முதலில் மட்டக்களப்புக்கு வந்துதான் ரயில் பிடிக்க வேண்டும். மூன்றாவது சென்னை. அங்கே எழுத்தாளர் வேலை கதை விவாத அறையில் தொடங்கும். மாதக்கணக்கில் சம்பளம் இல்லாமல் இருந்து பேச வேண்டிவரும். சுற்றுலா விசாவில் கூலி வேலை செய்ய முடியாது. அதோடு நீங்கள் எழுதும் பேச்சுத் தமிழ் மாறவேண்டும். “மறுகா வாறன்”, “கிறுகிப் பார்” என்று உங்கள் காதில் இருக்கும் பேச்சுக்கு அங்கே வாங்குவோர் குறைவு. இங்கே எடுக்கும் படத்திலோ அதுவே உங்கள் சொத்து; சென்னைப் பேச்சில் வசனம் பேசும் வந்தாறுமூலைப் பொடியனைக் காணும்போது சனம் சிரிக்கும்.

வித்தைக்காரர் எழுத்துக்குக் கொண்டு வருவது என்ன? முன்னால் ஒன்றைச் சாதாரணமாகக் காட்டி, மறக்கவைத்து, பின்னால் அதையே திருப்பிக் கொடுக்கும் பழக்கம். ஒவ்வொரு காட்சியிலும் பார்ப்பவரின் கண் எங்கே இருக்கிறது என்று கேட்கும் பழக்கம். இரண்டும் திரைக்கதையில் தங்கம். இடையூறாக வருவது மறைக்கும் கை. மேடையில் உங்கள் மனதை ஒருவரும் பார்க்கக் கூடாது. திரையில் பாத்திரத்தின் மனதைக் காட்டாவிட்டால் படமே இல்லை. வித்தைக்காரர் எழுதும் முதல் திரைக்கதைகள் பெரும்பாலும் கடைசி இரண்டு நிமிடத் திருப்பத்துக்காக மட்டுமே நிற்பவை. திருப்பத்தை எடுத்துவிட்டு வாசித்துப் பாருங்கள். பாத்திரம் ஏதாவது வேண்டி நிற்கிறதா? இல்லையென்றால் முதலிலிருந்து எழுதுங்கள்.

பத்து நிமிடக் குறும்படத்துக்கு ஒழுங்கு இது. ஒரே வசனத்தில் கதை. பிறகு அரைப் பக்கம். பிறகு காட்சிக்கு ஓர் அட்டை என்று 10 முதல் 12 அட்டை. நிலத்தில் பரப்பி இடம் மாற்றிப் பார்க்கலாம். நாலு இடம், நாலு பாத்திரத்துக்கு மேல் போனால் இரண்டு நாளில் படப்பிடிப்பு முடியாது. அதன்பின்தான் வசனம். ஒரு பக்கம் ஒரு நிமிடம் என்ற கணக்கு ஆங்கில எழுத்துருவுக்கு உண்டானது, தமிழுக்குப் பொருந்தாது. நிறுத்தற் கடிகாரத்தோடு, நடந்து, எழுந்து, குந்தி, வாய்விட்டு வாசித்தால்தான் நேரம் தெரியும். கோப்பைப் பாமினியில் தட்டச்சு செய்யாதீர்கள். மற்றவர் கணினியில் அந்த எழுத்துரு இல்லாவிட்டால் முழுத் திரைக்கதையும் ஆங்கில எழுத்துக் குப்பையாகத் திறக்கும். யூனிகோட்டில் அடித்து, பி.டி.எப். ஆக அனுப்புங்கள்.

வித்தை வரும் காட்சியை எழுதுவதில்தான் உங்களுக்கும் மற்ற எழுத்தாளருக்கும் உள்ள வேறுபாடு வெளியில் வரும். திரையில் வெட்டு வந்தாலே பார்ப்பவர் “எடிட்டிங்” என்று சொல்லிவிடுவார்; வித்தை செத்துவிடும். ஆகவே காட்சிக் குறிப்பில் நாலு விடயம் இருக்க வேண்டும்: படத்துக்குள் இருக்கும் சனம் எதைப் பார்க்கிறது, திரைக்கு முன் இருப்பவர் எதைப் பார்க்கிறார், பாத்திரம் இரகசியமாக எதைச் செய்கிறது, எந்த வசனத்திலிருந்து எந்த வசனம் வரை வெட்டக் கூடாது. அந்த வெட்டில்லாத துண்டு 20, 25 விநாடியைத் தாண்டாமல் இருந்தால் நடிகரால் செய்ய முடியும். முழு உருவம் தெரியும் அகலச் சட்டத்தை முதலில் எடுத்துவிட வேண்டும்; கை நெருக்கக் காட்சி பிறகு. நடிகரின் கைக்குப் பதில் உங்கள் கையைக் காட்டினால் நகம், மோதிரம், தோல் நிறம், மணிக்கூட்டுப் பட்டையின் வெளிறிய தடம் எல்லாம் நடிகரோடு ஒத்துப்போக வேண்டும்.

பொருள் எண்ணிக்கையில்தான் உள்ளூர்ப் படக்குழுக்கள் வழுக்கும். பத்திரிகையைக் கிழித்து முழுதாக்கும் ஒரு வித்தையை எடுத்துக்கொள்ளுங்கள். மூன்று கோணம், கோணத்துக்கு நாலு முறை என்றால் 12 பத்திரிகை; ஒத்திகைக்கு 3, பழுதுக்கு 3. மொத்தம் 18, அதுவும் எல்லாம் ஒரே நாள் பத்திரிகை. நாள் மாறினால் தலைப்பு மாறும், தொடர்ச்சி உடையும். கடைக்காரரிடம் முதல்நாளே சொல்லிவைக்காவிட்டால் கல்முனையிலோ வாழைச்சேனையிலோ ஒரே கடையில் 18 பிரதி கிடைக்காது. ஒன்றை ஆயத்தப்படுத்த 10 நிமிடம் என்றாலும் மூன்று மணித்தியால வேலை. இதைத் திரைக்கதையோடு தனித் தாளில் எழுதிக் கொடுக்கும் எழுத்தாளரைத் தயாரிப்பாளர் மறக்கமாட்டார்.

நேரத்தைப் பற்றியும் ஒன்று. 1956 ஏப்ரலில் பி.பி.சி. நேரலையில் இந்திய வித்தைக்காரர் பி.சி. சர்க்கார் உதவியாளரைச் சுழலும் ரம்பத்தால் அறுக்கும் வித்தை காட்டினார். அவரை மறுபடி எழுப்பிக் காட்டுமுன் நிகழ்ச்சி நேரம் முடிந்துவிட, அவர் இறந்துவிட்டார் என்று பயந்து சனம் தொலைபேசியில் அழைத்தது. சர்க்காருக்கு அது பெரும் விளம்பரமாயிற்று. ஆனால் குறித்த நேரத்தில் நிறுத்த வேண்டிய தொடருக்கு எழுதுகிறவர், வித்தை எந்த விநாடியில் முடிகிறது என்று தெரியாமல் அத்தியாயத்தை மூடக் கூடாது.

உரிமையும் ஒப்பந்தமும்

இலங்கையின் 2003 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி, எழுதிய திரைக்கதைக்குப் பதிவில்லாமலே பதிப்புரிமை உண்டு. எழுதியவரின் வாழ்நாளும் அதன்பின் 70 ஆண்டும். எண்ணத்துக்கும் செய்முறைக்கும் அந்தக் காவல் இல்லை. வாயால் சொன்ன கதைக் கருவை ஒருவர் எடுத்து எழுதினால் வழக்குப் போட முடியாது. வித்தையின் இரகசியத்துக்கும் இதே நிலைதான். ஆனால் வித்தையை நாடகமாக எழுதிவைத்தால் நிலை மாறலாம். அமெரிக்காவில் டெல்லர் என்ற வித்தைக்காரர், ரோஜாவின் நிழலைக் கத்தியால் வெட்ட, உண்மைப் பூவின் இதழ் உதிரும் தன் வித்தையை 1983 இல் நாடகப் படைப்பாகப் பதிந்திருந்தார். 2014 இல் நெவாடா நீதிமன்றம், இரகசியத்துக்குப் பாதுகாப்பில்லை, மேடையில் நிகழும் அந்த ஊமை நாடகத்துக்கு உண்டு என்று அவர் பக்கம் தீர்ப்பளித்தது. நம் சட்டம் வேறு என்றாலும் பாடம் ஒன்றே: அசைவு, பேச்சு, வெளிச்சம் மூன்றையும் எழுத்தில் வையுங்கள்.

உரிமையைக் கைமாற்றுவதோ அனுமதி கொடுப்பதோ எழுத்தில், இரு தரப்பும் கையொப்பமிட்டு நடக்க வேண்டும். ஒப்பந்தத்தில் வேறாகச் சொல்லாவிட்டால் படத்தின் பொருளாதார உரிமை தயாரிப்பாளரிடம் போகும். ஆகவே ஒரு பக்க ஒப்பந்தமாவது போடுங்கள். கதை, திரைக்கதை, வசனம், வித்தை ஆலோசனை என்ற நாலில் எது எது உங்கள் பெயரில் வரும். எத்தனை முறை திருத்தி எழுதுவீர்கள் (இரண்டு போதும், மூன்றாவதுக்குத் தனிக் கூலி). காசு எப்போது வரும். தொடக்கத்தில் மூன்றிலொன்று, முதல் வரைவில் மூன்றிலொன்று, படப்பிடிப்பின் முதல் நாள் காலையில் மிச்சம் என்று கேளுங்கள். படம் வெளிவந்தபின் என்று விடும் பங்கு பல வேளை வராது. இரகசியம் தெரிந்தவர் எவர் எவர் என்பதையும் அதே தாளில் எழுதலாம்: இயக்குநர், நடிகர், கமராக்காரர். படப்பிடிப்புத் தளத்தில் கைபேசியில் பின்பக்கக் காட்சி எடுப்பது தடை என்று ஒரு வரி சேர்க்காவிட்டால், படம் வருமுன்னே உங்கள் வித்தையின் பின்பக்கம் முகநூலில் வந்துவிடும்.

இரண்டையும் செய்தால்

கிழக்கின் மழையே இதற்கு வழி விடுகிறது என்பதுதான் நாங்கள் இந்தப் பக்கம் சாய்வதற்குக் காரணம். மார்ச் முதல் செப்டெம்பர் வரை மேடை. ஒக்டோபரில் பழுது பார்த்தல். நவம்பர் முதல் பெப்ரவரி வரை எழுத்து, இடையில் முன்பள்ளி, ஒளிவிழா நிகழ்ச்சிகள். வெளிப்படப்பிடிப்பும் மழையில் நடக்காது என்பதால் இயக்குநர்களும் அந்த மாதங்களில்தான் இருந்து பேச நேரம் வைத்திருப்பார்கள்.

இதில் கெடுவது எங்கே? ஆவணி விழா நெருக்கத்தில் ஒரு படக்குழு “உடனே வசனம் வேண்டும்” என்று வரும்போது. இரவு நிகழ்ச்சி முடித்து இரண்டு மணிக்கு வீடு வந்து, காலையில் எழுதும் வசனத்தில் உயிர் இருக்காது. அந்த வாரப் பயிற்சியும் போகும். கைவித்தை நாளுக்கு 40 நிமிடப் பயிற்சி கேட்கும். பத்து நாள் விட்டால் விரலுக்குத் தெரியும், இருபது நாள் விட்டால் முன் வரிசைப் பிள்ளைக்குத் தெரியும். ஆகவே எழுத்து மாதங்களிலும் காலை 40 நிமிடம் சீட்டும் காசும் கையில் இருக்க வேண்டும். மேடை மாதங்களில் எழுத்து, நாளுக்கு ஒரு காட்சி அட்டைக்கு மேல் வேண்டாம்.

மேடை ஏன் முன்னால்? அது அன்றிரவே காசு கொடுக்கும். அன்றிரவே பிழையையும் சொல்லிவிடும். ஒரு வரி எடுபடவில்லை என்றால் பாண்டிருப்பில் சனம் முகத்தைத் திருப்பிய நொடியிலேயே தெரிகிறது. அடுத்த நாள் திருக்கோவிலில் மாற்றிச் சொல்லிப் பார்க்கலாம். திரைக்கதையில் அதே பிழை தெரிய ஒன்றரை ஆண்டாகும். மேடையில் ஒரு பருவத்தில் நாற்பது முறை பேசிப் பார்த்தவர் எழுதும் வசனத்தில் வீண் சொல் இருக்காது.

வித்தை ஆலோசனை என்ற சிறு வேலையையும் இதற்குள் வைக்கலாம். முழுத் திரைக்கதை கிடைக்காத ஆண்டிலும் ஒரு காட்சிக்கு நடிகரைப் பழக்கும் வேலை வரும். பத்து நாளில், நாளுக்கு அரை மணித்தியாலத்தில் பழகக்கூடியதைத்தான் கொடுக்க வேண்டும்: காசை மறைப்பது, பட்டுத்துணியைக் கைக்குள் ஒளிப்பது. சீட்டை அழகாக விரிப்பது பத்து நாளில் வராது. அதற்கு உங்கள் கையைக் கொடுங்கள்.

மற்ற இரண்டு வழியும் சிலருக்குச் சரிவரும். குடும்பத்தில் உதவியாளரும் சொந்த வானும் இருந்து, சிங்களமும் ஆங்கிலமும் ஓரளவு வந்தால், முழுநேர மேடை பாசிக்குடாவிலிருந்து அறுகம்பை வரை நிற்கும். மேடையில் ஏறக் கை நடுங்கி, எழுத்தில் மட்டும் மனம் ஒட்டுகிறவர் வித்தையை விட்டு எழுதட்டும். ஆனால் சென்னைக்குப் போகுமுன் சொந்தப் பேச்சில் எழுதிப் படமான குறும்படம் குறைந்தது மூன்று கையில் வேண்டும். ஒன்றும் இல்லாமல் போகிறவருக்கு அங்கே விவாத அறையின் மூலைதான் கிடைக்கும். கைக்குழந்தையும் கடனும் உள்ளவருக்கு முழுநேர எழுத்தை இப்போதைக்கு நாங்கள் சொல்லமாட்டோம். பாடசாலை ஆசிரியராகவோ பிரதேச செயலகத்திலோ இருப்பவர் வேலையை விட வேண்டியதே இல்லை. வார இறுதி மேடை, விடுமுறை எழுத்து என்று மூன்றாவது வழியே அவருக்கும் அளவாகத் தைத்த சட்டை.

முதல் மாரியில் செய்ய வேண்டியது இவ்வளவுதான். பெட்டியைத் திறந்து உருக்கு எல்லாவற்றையும் எண்ணெய் போட்டுத் துடையுங்கள். கடந்த பருவத்தில் ஓடிய நிகழ்ச்சி முழுவதையும் பேச்சு, அசைவு, இசை தொடங்கும் இடம் என்று மூன்று நிரலில் யூனிகோட்டில் எழுதி, நாளைக் குறித்து, பி.டி.எப். ஆக உங்களுக்கே ஒரு மின்னஞ்சல் அனுப்பி வையுங்கள். அதை எழுதி முடிக்க மூன்று கிழமை பிடிக்கும். எழுதும்போதே சனம் சலித்த நாலைந்து இடம் உங்களுக்குத் தெரியவரும். அதை வெட்டியபின், மிஞ்சியதில் எந்தப் பகுதி பேச்சில்லாமலும் நிற்கிறதோ, அதை முதல் குறும்படத்தின் நடுக் காட்சியாக வைத்து எழுதத் தொடங்குங்கள்.